மில்காள் ஊற்றிய எண்ணெய்

இத்தியேல் ராஜாவின் தலையில் என் அக்காள் மில்காள் ஊற்றிய எண்ணெய் பதினோரு வருஷம் காயவில்லை. இதை நான் வியப்பாகச் சொல்லவில்லை. எங்கள் மலைநாட்டின் ஏழு ஊர்க்காரர்களும் அந்த எண்ணெயில் விளக்கேற்றி, அந்த எண்ணெயில் அப்பம் சுட்டு, அந்த எண்ணெயைப் பிள்ளைகளின் சிரங்குக்குத் தடவி, கடைசியில் அந்த எண்ணெய்க்காகவே ஒரு பாவத்தையும் கூடிச் செய்து முடித்தவர்கள், ஆகையால் அது நடந்ததா இல்லையா என்று எங்களிடம் யாரும் விசாரிக்க வேண்டியதில்லை. அரண்மனைச் சுருள்களில் இத்தியேலின் பெயர் இல்லை. இஸ்ரவேலின் பெரிய ராஜாக்களைப் பற்றி எழுதுகிறவர்களின் கண்ணுக்கு ஏழு ஊர் ராஜா ஒரு ராஜாவாகத் தெரிந்திருக்க மாட்டான். நான் குயவன், பெயர் ஏத்தான், எனக்கு எழுதத் தெரியாது, ஆனால் நடந்ததைச் சொல்லத் தெரியும்.

எங்கள் ஊர் அத்ரோன். மலைச்சரிவெல்லாம் ஒலிவ மரங்கள், கீழே பள்ளத்தாக்கில் வாற்கோதுமை வயல்கள், யோர்தானுக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒவ்வொரு அறுப்புக்கும் விருந்தாளி மாதிரி தவறாமல் வந்து களத்தை வாரிக்கொண்டு போகும் ஒட்டகக் கொள்ளையர்கள். எங்களுக்கு ராஜா இல்லை. பட்டணத்து வாசலில் மூப்பர்கள் உட்கார்ந்து வழக்குத் தீர்ப்பார்கள், வழக்கு தீராவிட்டால் என் அக்காளிடம் வருவார்கள். அவள் தீர்க்கதரிசி. மாவு பிசையும்போதோ தண்ணீர் மொள்ளும்போதோ அவளுக்குக் கர்த்தருடைய வார்த்தை வரும், கை அப்படியே நின்றுவிடும், பிறகு சொல்லுவாள். கேட்க வருகிறவர்கள் வெறுங்கையாய் வரக்கூடாது என்பது வழக்கம் என்பதால் ஒரு அப்பமோ ஒரு பிடி அத்திப்பழமோ கொண்டுவருவார்கள். சில நாள் அவள் வெகுநேரம் கண்ணை மூடியிருந்துவிட்டு, எனக்கு ஒன்றும் சொல்லப்படவில்லை என்று அப்பத்தைத் திருப்பிக் கொடுத்துவிடுவாள். நானும் அதே தாய் வயிற்றில் பிறந்தவன்தான். அவளுக்கு வார்த்தை கிடைத்தது, எனக்குக் களிமண் கிடைத்தது. இந்தப் பொருமல் எனக்குள் சின்ன வயசிலிருந்தே இருந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் நீங்களாகக் கண்டுபிடிக்க வேண்டாம்.

கொள்ளையர்கள் தொடர்ந்து மூன்று அறுப்பு வாரிக்கொண்டுபோன வருஷம், மூப்பர்கள் கூட்டமாக அவள் வீட்டு வாசலுக்கு வந்து, சுற்றியுள்ள ஜனங்களுக்கெல்லாம் ராஜா இருக்கிறான், எங்களுக்கும் ஒருவனை அபிஷேகம் பண்ணிக் கொடு என்று கேட்டார்கள். அவள் மாவுக் கையைக் கழுவாமலே கேட்டுக்கொண்டிருந்தாள்.

"நீங்க இன்னைக்கு ராஜாவைக் கேக்கறீங்க," என்றாள். "வந்த பிறகு அவர் உங்களைக் கேப்பார்."

அவர்கள் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. ஏழு நாள் அவள் கதவை அடைத்துக்கொண்டிருந்தாள். எட்டாம் நாள் வெளியே வந்தபோது கர்த்தரோடு வாதாடித் தோற்றவளின் முகம் அவளுக்கு இருந்தது. நேராகக் களத்துக்கு நடந்துபோய், தலையெல்லாம் உமி படியத் தானியம் தூற்றிக்கொண்டிருந்த இத்தியேலைக் கூப்பிட்டாள். இத்தியேல் அப்போது எப்படிப்பட்ட கூச்சக்காரன் என்றால், மூப்பர்கள் கூட்டமாய் வருவதைப் பார்த்து, ஏதோ தானியம் குறைந்திருக்கிறது என்று நினைத்துத் தன் பங்கை எடுத்து நீட்டினான். அவனை முழங்காலில் நிறுத்தி, ஒரு கொம்பு நிறைய ஒலிவ எண்ணெயை அவன் தலையில் அவள் ஊற்றினாள். நாங்கள் எக்காளம் ஊதினோம்.

மறுநாள் காலை அவன் தலையணை நனைந்திருந்தது. மனைவி ஆதாள் அதைத் துவைத்துக் காயப்போட்டாள், அதற்கு மறுநாளும் நனைந்திருந்தது, மூன்றாம் நாள் திட்டிக்கொண்டே ஒரு மண்சட்டியைத் தலைமாட்டில் வைத்தாள், எழுந்து பார்த்தால் சட்டி நிறைந்திருந்தது. விரலை விட்டு ருசி பார்த்தாள். செக்கின் முதல் ஆட்டலில் வடியும் எண்ணெய், துளி கசப்பில்லை. அன்றைக்கு அப்பம் சுடத் தொடங்கிவிட்டாள். வாசனை பிடித்துப் பக்கத்து வீட்டுக்காரி கிண்ணத்தோடு வந்து, எனக்கும் கொஞ்சம் கொடேன் என்று நின்றாள். அவ்வளவுதான். அந்தக் கிண்ணத்தோடு அது ஊர் விஷயமாகிவிட்டது.

மூப்பர்கள் கூடினார்கள். இது எப்படி வருகிறது என்று அவர்கள் அரை நாழிகைகூடப் பேசவில்லை, யாருக்கு எந்த நாள் என்று ஒன்பது நாள் பேசினார்கள். ஏழு ஊர், வாரத்தில் ஆறே நாள், ஏனென்றால் ஓய்வுநாளில் எண்ணெய் வழிவது வேலையா இல்லையா என்ற கேள்வி வந்தது. தலையிலிருந்து தானாக வழிவது வேலையல்ல, ஆனால் குடத்தைத் தூக்குவது வேலை என்று கடைசியில் தீர்ப்பானது. ஆகவே ஓய்வுநாள் எண்ணெய் கல்தொட்டியில் தேங்கிக் கிடக்கும், மறுநாள் முறைக்காரர்கள் அள்ளுவார்கள், ஆட்கள் குறைந்த இரண்டு ஊர்களுக்குச் சேர்த்து ஒரே நாள். அதற்கு அந்த இரண்டு ஊர்களும் தங்களுக்குள் அடித்துக்கொண்டதில் இருவருக்குப் பல் போயிற்று.

ராஜாவுக்குச் சிங்காசனம் செய்தபோது அதன் முதுகில் எண்ணெய் ஓட ஒரு காடி வெட்டினார்கள், காடியின் அடியில் தொட்டி, தொட்டியின் அடியில் குழாய், குழாயின் முன்னால் வரிசை. கிரீடம் வழுக்கி வழுக்கி மூக்கில் வந்து நின்றதால் தாடைக்கடியில் தோல்வார் வைத்துக் கட்டினார்கள். ஈ ஓட்ட ஒருவன், எறும்பு பார்க்க ஒருவன், முடியைக் கோதிவிட்டு ஓட்டத்தைச் சீராக வைக்க ஒருவன் என்று ஆள் நியமனமானது. தீப்பிடித்துவிடும் என்று ராஜா இருக்கும் அறையில் விளக்கு வைக்க விடவில்லை. ஏழு ஊரும் அவன் எண்ணெயில் வெளிச்சமாய் இருந்தபோது அவன் மட்டும் இருட்டில் உட்கார்ந்து சாப்பிட்டான். குழந்தைகளைத் தூக்கினால் நழுவின. எனக்கு அவனைப் பார்த்து இரக்கமாக இருந்த நாட்களும் உண்டு, ஆனால் எனக்கு வேலை தலைக்குமேல் கிடந்தது, ஏழு ஊருக்கும் குடம் வனைய வேண்டியிருந்தது, ஒரு சூளை வைத்திருந்தவன் ஒன்பது சூளை வைத்தேன், என் மனைவி இரண்டு கைக்கும் காப்புப் போட்டாள்.

ஒலிவ மரங்களில் யாரும் ஏறவில்லை. எதற்கு ஏற வேண்டும்? முதல் வருஷம் காய்கள் உதிர்ந்து கிடந்தன, பன்றி தின்றது என்று முகம் சுளித்தோம், இரண்டாம் வருஷம் அதையும் பார்க்கவில்லை. செக்குத் தொட்டிகளில் கழுதைக்குத் தண்ணீர் வைத்தோம். அரண்மனைக்கு உத்திரம் வேண்டும் என்றபோது நல்ல மரங்களைக் கொடுத்தோம், குதிரை லாயத்துக்கு வேண்டும் என்றபோது மிச்ச மரங்களைக் கொடுத்தோம். நடுவதற்கு ஒரு தலைமுறையும் வெட்டுவதற்கு ஒரு காலைப்பொழுதும் ஆகிற மரம் அது.

இத்தியேல் கொள்ளையர்களை விரட்டினான், அதை மறைக்கக் கூடாது. இரண்டு அறுப்பு முழுசாக எங்கள் களஞ்சியத்துக்கு வந்தது. பிறகு அவன் எங்களைக் கேட்க ஆரம்பித்தான். வீட்டுக்கு ஒரு மகனைப் படைக்குக் கேட்டான், பிறகு மதில் கட்ட இன்னொரு மகனைக் கேட்டான், மகள்களைச் சமையலுக்குக் கேட்டான், பள்ளத்தாக்கில் நல்ல வயல்களைக் கேட்டான். கேட்டபோதெல்லாம் கொடுத்தோம், கொடுத்துவிட்டு வரிசையில் போய்க் குடத்தோடு நின்றோம். முதல் வருஷம் மில்காள் அரண்மனைக்கு வந்தால் அவன் எழுந்து நிற்பான். மூன்றாம் வருஷம் உட்கார்ந்தபடியே வணங்கினான். ஆறாம் வருஷம் வெளியே காத்திருக்கச் சொன்னான், அந்நேரம் உள்ளே அவனுடைய பந்தியில் இருபது தீர்க்கதரிசிகள் ஆட்டிறைச்சி தின்றுகொண்டிருந்தார்கள். அவர்களுக்குத் தலைவன் பெலாயா, பட்டு போன்ற குரல், ராஜா தும்மினால்கூட அதற்கு ஒரு நல்ல அர்த்தம் சொல்லுவான்.

இத்தனைக்கும் நடுவில் கேத்தூர் என்ற ஊர், பல் போன அந்த இரண்டு ஊர்களில் ஒன்று, எங்களுக்கு எண்ணெய் வேண்டாம் என்று ஒதுங்கிக்கொண்டது. எங்கள் மரம் இருக்கிறது, நாங்களே ஆட்டிக்கொள்கிறோம், மகன்களையும் நாங்களே வைத்துக்கொள்கிறோம் என்று சொல்லியனுப்பினார்கள். ராஜா அவர்களுடைய மரங்களை வெட்டச் சொன்னான். அவர்கள் மரத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றார்கள். பட்டப்பகலில், நாற்பத்து மூன்று ஆண்களை எங்கள் பட்டணத்து வாசலுக்குக் கொண்டுவந்து வெட்டினார்கள், அதன் பிறகு மரங்களையும் வெட்டினார்கள். நாங்கள் மதில்மேல் நின்று பார்த்தோம். அவர்களில் எங்களுக்குப் பெண் கொடுத்தவர்கள் இருந்தார்கள், பெண் எடுத்தவர்கள் இருந்தார்கள்.

மறுநாள் விடிவதற்கு முன்பே வாசலில் கூட்டம். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. கர்த்தருடைய அபிஷேகம் இனி இவன்மேல் நிற்காது, நின்றுபோயிருக்கும், எண்ணெயும் நின்றுபோயிருக்கும் என்று எல்லோர் மனதிலும் ஓடியது. குடத்தைக் கட்டிக்கொண்டு நின்றோம். சூரியன் எழும்பியபோது குழாயில் எண்ணெய் வந்தது. முன்னைவிட இரண்டு மடங்காய் வந்தது. அந்தக் கூட்டம் முழுதும் ஒரே மூச்சாக நெஞ்சு லேசாகி நின்றதே, அந்த நிம்மதியை நான் சாகும்வரை மறக்க மாட்டேன். வெட்டியது ராஜாவின் ஆட்கள். அந்த நிம்மதி எங்களுடையது.

பெலாயா அதற்கும் அர்த்தம் சொன்னான். ராஜா செய்தது தவறானால் எண்ணெய் பெருகுமா? பெருகியிருக்கிறதே, அப்படியானால் கேத்தூர்க்காரர்கள் அதற்குத் தகுந்தவர்கள்தான். இதைவிட வசதியான நியாயத்தை எங்களுக்கு யாரும் சொல்லித் தந்ததில்லை.

முன்மாரி பெய்து வாற்கோதுமை விதைத்த வாரத்தில் மில்காள் வந்தாள். துக்கத்துக்கான இரட்டுப்புடவை உடுத்தியிருந்தாள், தலையில் சாம்பல். ராஜா வாசலில் சிங்காசனத்தில் இருந்தான், நாங்கள் வரிசையில் இருந்தோம். அவள் வரிசையைத் தாண்டிப் போனபோது, முறை தவறிப் போகிறாள் என்று பின்னாலிருந்து ஒருத்தி முணுமுணுத்தாள்.

"இத்தியேல், கர்த்தர் உன்னை விட்டுப் போயிட்டார்," என்றாள். "கேத்தூர் வாசல்ல விழுந்த அன்னைக்கே போயிட்டார். வாற்கோதுமை அறுப்புக்கு முன்னாடி இந்த எண்ணெய் நிக்கும்."

ராஜாவின் நெற்றியிலிருந்து எண்ணெய் கண்ணுக்குள் வழிந்துகொண்டிருந்தது, அவன் துடைக்காமல் அவளையே பார்த்தான். அவனுக்குக் கோபம் வரவில்லை. கோபம் எங்களுக்குத்தான் வந்தது. ஏனென்றால் ராஜா கெட்டவன் என்பதை அவள் பல வருஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள், அதை நாங்களும் வீட்டுக்குள் சொல்லிக்கொண்டிருந்தோம். எண்ணெய் நிற்கும் என்று இப்போதுதான் சொன்னாள். மூப்பர்கள் அப்போதே பிரமாணத்தை எடுத்துச் சொன்னார்கள்: தீர்க்கதரிசி சொன்னது சொன்ன காலத்தில் நடக்காமற்போனால் அது கர்த்தர் சொல்லாத வார்த்தை, சொன்னவரைக் கல்லெறிந்து கொல்ல வேண்டும். அவள் தலையை ஆட்டினாள். அது எனக்குத் தெரியாதா என்பதுபோல.

அந்த மாரிக்காலம் முழுதும் ஊருக்கு வேறு பேச்சில்லை. எந்த ஊரிலும் பயிர் வளர்ந்தால் சந்தோஷப்படுவார்கள், எங்கள் ஊரில் பயிர் ஒரு விரற்கடை வளர்ந்தால் வயிற்றெரிச்சல். களை எடுக்கப் போகவில்லை. வெட்டுக்கிளி வந்து தின்றுபோட்டால் அறுப்பே இல்லை, அறுப்பு இல்லாவிட்டால் வார்த்தையும் இல்லை என்று ஒருவன் கணக்குப் போட்டான், அதைக் கேட்டுத் தலையாட்ட நாலு பேர் இருந்தார்கள். மில்காள் தன் வீட்டில் மாவு பிசைந்துகொண்டிருந்தாள். ஒருவரும் அப்பம் கொண்டுபோகவில்லை. நான் ஒரே ஒரு நாள் போனேன், அந்த வார்த்தையில் ஏதாவது நிபந்தனை உண்டா, ராஜா மனந்திரும்பினால் எண்ணெய் நிற்குமா ஓடுமா என்று சுற்றி வளைத்துக் கேட்டேன். ராஜாவைப் பற்றிக் கேட்கிறாயா, எண்ணெயைப் பற்றிக் கேட்கிறாயா என்று அவள் திருப்பிக் கேட்டாள். நான் வேலை இருக்கிறது என்று சொல்லி வந்துவிட்டேன்.

கதிர் தள்ளியது. பச்சையாய் நின்றது. இன்னும் பத்து நாளில் பழுத்துவிடும் என்று வயல்காரர்கள் சொன்ன நேரத்தில் பெலாயா என் சூளைக்கு வந்தான். வெந்த குடம் ஒன்றைத் தட்டிப் பார்த்து, நல்ல ஓசை என்றான்.

எங்கள் அறுப்புக்கு ஒரு முறை உண்டு. கதிர் பழுத்தது என்று யார் வேண்டுமானாலும் சொல்லி அரிவாளைப் போட முடியாது. இரண்டு சாட்சிகள் வயலில் இறங்கி, ஒரு மணியைப் பல்லில் கடித்துப் பார்க்க வேண்டும். உடைந்தால் முற்றியது, பால் வந்தால் முற்றாதது. முற்றியது என்று இருவரும் வாசலில் வந்து சொன்னால் முதல் கதிர்க்கட்டை அறுத்து ஆசாரியன் கர்த்தருக்கு முன்பாக அசைப்பான். அந்த நிமிஷம் அறுப்பு தொடங்கிவிட்டது என்று அர்த்தம், அதுவரை எண்ணெய் நிற்காவிட்டால் மில்காளின் வார்த்தை பொய் என்றும் அர்த்தம்.

ஒரு சாட்சி தயார், வயல்காரன் கேரா என்றான் பெலாயா. இன்னொரு சாட்சி நீங்கள். நான் குயவனாயிற்றே, கதிரைப் பற்றி எனக்கென்ன தெரியும் என்றேன். அதைப் பற்றி யாரும் கவலைப்பட மாட்டார்கள், அக்காளுக்கு விரோதமாகத் தம்பி பொய் சொல்லமாட்டான் என்றுதான் ஊர் நினைக்கும் என்றான். இன்னும் பழுக்கவில்லையே என்றேன்.

"பழுத்துச்சான்னு நாம வயலைக் கேக்கறதில்லையே, ஐயா," என்றான். "ரெண்டு பேரைத்தானே கேக்கறோம்."

மறுத்தால் மதில் வேலைக்குப் போயிருப்பேன், என் மகன்கள் படையின் முன்வரிசைக்குப் போயிருப்பார்கள், அது உண்மை. ஆனால் அந்தப் பயத்தை நான் கேடயமாகப் பிடித்துக்கொள்ள விரும்பவில்லை. அன்று ராத்திரி படுத்தபோது நான் நினைத்தது என் மகன்களை அல்ல, ஒன்பது சூளைகளை. அதற்கும் அடியில், கடைசியாக ஒரு தடவை என் வார்த்தை அவள் வார்த்தையை ஜெயிக்கும் என்ற ஒரு சந்தோஷம் இருந்தது. சின்னதாகத்தான் இருந்தது. ஆனால் இருந்தது.

காலையில் கேராவும் நானும் வயலில் இறங்கினோம். பனி ஈரம். கேரா ஒரு மணியை வாயில் போட்டதாகப் பாவனை செய்து துப்பிவிட்டு, நான் பார்த்துவிட்டேன் என்று வரப்பில் ஏறிவிட்டான். நான் உண்மையாகவே கடித்தேன். ஏன் கடித்தேன் என்று தெரியவில்லை, வழக்கத்தை வழக்கமாகவாவது செய்துவிடலாம் என்று இருந்திருக்கும். மணி நசுங்கியது. பால் வந்தது. இளம் இனிப்பாய் நாக்கு முழுதும் பரவியது, துப்ப மனம் வராமல் விழுங்கிவிட்டேன்.

வாசலில் ஏழு ஊரும், இல்லை, ஆறு ஊரும் நின்றது. எண்ணெய் குழாயில் ஓடிக்கொண்டிருந்தது. மில்காள் சிங்காசனத்துக்கு எதிரே தனியாக நின்றாள். கேரா சொன்னான். பிறகு ராஜா என் பக்கம் திரும்பினான்.

"ஏத்தான், கதிர் முத்திடுச்சா?"

"முத்திடுச்சு, ராஜாவே."

முதல் கட்டை அறுத்துக்கொண்டு வந்தார்கள். புல்லுக்கட்டு மாதிரி பச்சையாக இருந்தது. ஆசாரியன் அதை இரண்டு கையாலும் உயர்த்தி அசைத்தான், அதிலிருந்து பனித்துளி தெறித்து முன்வரிசைக்காரர்கள் முகத்தில் விழுந்தது, அவர்கள் துடைத்துக்கொண்டார்கள். அத்தனை பேருக்கும் கண் இருந்தது. பிறந்ததிலிருந்து வாற்கோதுமையோடு வாழ்கிறவர்கள், அடர்ந்த மூடுபனியில்கூட வயலின் நிறத்தைச் சொல்லுகிறவர்கள், அன்றைக்கு ஒருவருக்கும் பச்சை தெரியவில்லை. ராஜா கட்டையும் பார்த்தான், மில்காளையும் பார்த்தான், வாயைத் திறந்தான். தடுக்கப்போகிறான் என்று நான் ஒரு கணம் நினைத்தேன், நம்பினேன் என்றே சொல்லலாம். பிரமாணத்தின்படி ஆகட்டும் என்றான்.

சாட்சி சொன்னவன் கைதான் முதலில் எழ வேண்டும் என்பது பிரமாணம். மதிலுக்கு வெளியே, கேத்தூர் மனிதர்களைப் புதைத்த மேட்டுக்குப் பக்கத்தில் அவளை நிறுத்தினார்கள். என் கையில் கல்லைக் கொடுத்தார்கள். கேரா ஏற்கனவே கல்லோடு நின்று, நான் முதலில் எறியட்டும் என்று மரியாதையாக ஒதுங்கியிருந்தான். மில்காள் என்னைக் கூப்பிட்டாள், சாப்பிடக் கூப்பிடுகிற குரல்.

"ஏத்தான், கடிச்சுப் பாத்தியாடா?"

"பாத்தேன்க்கா."

"பால் வந்துச்சா?"

நான் கல்லைக் கை மாற்றிப் பிடித்தேன். அவள் என் வாயையே பார்த்தாள்.

"சரி. கையை நல்லா ஓங்கி எறி. தயங்கித் தயங்கி எறிஞ்சா ரொம்ப நேரம் ஆகும்."

நான் ஓங்கி எறிந்தேன். எங்கே பட்டது என்று சொல்ல மாட்டேன். மற்றவர்கள் என்னைவிட நன்றாக எறிந்தார்கள், ஏனென்றால் அவர்களுக்கு வரிசையில் போய் நிற்க நேரமாகிக்கொண்டிருந்தது.

எட்டு நாள் கழித்து, அனல்காற்று இரண்டு பொழுது வீசிய பிறகு, பள்ளத்தாக்கு முழுதும் ஒரே காலையில் மஞ்சளாயிற்று. அப்போதும் வயலில் ஒரு கட்டைத் தவிர ஒன்றும் அறுபடவில்லை. பச்சைக் கதிரை அறுத்து வீணாக்க எந்த வயல்காரனும் பைத்தியக்காரன் இல்லை, கேராகூட அறுக்கவில்லை. அந்தக் காலையில் எண்ணெய் நின்றது. குழாயில் கடைசித் துளி நூலாய்த் தொங்கி அறுந்தது, குடத்தோடு நின்றவள் குழாயைத் தட்டிப் பார்த்தாள், ஊதிப் பார்த்தாள். ராஜா பதினோரு வருஷத்தில் முதல்முறையாக உலர்ந்த தலையணையில் படுத்து உச்சிப்பொழுது வரை தூங்கினான் என்று ஆதாள் பின்னால் சொன்னாள். எழுந்து தலையைத் தடவிப் பார்த்துக் குழந்தை மாதிரி சிரித்தானாம். பிறகு தான் ராஜா என்பது ஞாபகம் வந்து நடுங்கத் தொடங்கினானாம்.

ஊர் இதையும் செரித்துக்கொண்டது. முதல் வாரம், செத்தவள் சாபம் போட்டுவிட்டாள் என்றார்கள். இரண்டாம் வாரம், அவள் சொன்னது சொன்னபடி நடந்திருக்கிறதே என்று ஒருவன் மெல்லச் சொன்னான், அதற்கு யாரும் அழவுமில்லை, வஸ்திரத்தைக் கிழிக்கவுமில்லை, அவள் வார்த்தைக்கு நிறுத்தும் வல்லமை இருந்தால் அவள் எலும்புக்கு ஓடவைக்கும் வல்லமை இருக்காதா என்று யோசித்தார்கள். கல் குவியலைப் பிரித்து, அதே கற்களுக்குச் சுண்ணாம்பு அடித்து, அவளுக்கு ஒரு கல்லறை கட்டினார்கள். விளக்கு வனைந்து தரும்படி என்னிடம் கேட்டார்கள், வனைந்தேன். ஏற்ற எண்ணெய் இல்லை, ஏழு ஊரிலும் ஒரு ஒலிவ மரம் இல்லை.

ராஜா என்னைக் கூப்பிட்டனுப்பினான். தலை உலர்ந்து, முடி கொட்டி, பழைய களத்துக்காரனைப் போல ஒடுங்கி உட்கார்ந்திருந்தான், பக்கத்தில் பெலாயா.

"எட்டு நாள், ஏத்தான்," என்றான். "எட்டே நாள் நீ பொறுத்திருக்கலாம்ல?"

எல்லாவற்றையும் நானே திட்டமிட்டு நடத்தியதுபோல அவன் கேட்டான், நானும் அப்படித்தான் என்பதுபோலத் தலை குனிந்து நின்றேன். பெலாயா தொண்டையைச் செருமினான். வார்த்தை குடும்பத்தில் இறங்குவது உண்டு, ஒரே தாய் வயிறு, அக்காளுக்குப் பிறகு தம்பி, ஜனங்களும் அப்படித்தான் எதிர்பார்க்கிறார்கள் என்றான். வெளியே ஜனங்கள் நின்றார்கள், கையில் அப்பம். எண்ணெய் எப்போது மறுபடி ஓடும் என்று ஒரே கேள்வி. நான் கண்ணை மூடினேன். எனக்கு ஒன்றும் சொல்லப்படவில்லை. உள்ளே ஈரமண் நாற்றத்தைத் தவிர வேறெதுவும் இல்லை. ராஜாவின் மூச்சு மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது. கண்ணைத் திறந்து, அடுத்த வாற்கோதுமை அறுப்புக்கு முன்னால் ஓடும் என்றேன். ராஜா எழுந்து வந்து என்னைக் கட்டிக்கொண்டு அழுதான்.

அன்றிலிருந்து எனக்கு ராஜாவின் பந்தியில் இடம், பெலாயாவுக்கு வலதுபக்கம். அடுத்த அறுப்பு வந்தது, ஓடவில்லை, அடுத்த அறுப்புக்கு முன்னால் என்றேன். இப்படி பதினான்கு அறுப்பு ஆயிற்று. ஒவ்வொரு வருஷமும் கதிர்க்கட்டை அசைக்கிற அன்று வாசலில் அவர்கள் நடுவில் நின்று, முன்வரிசையிலிருந்து கடைசிவரை எல்லோருடைய கைகளையும் பார்க்கிறேன். சொன்னது நடக்காவிட்டால் என்ன செய்ய வேண்டும் என்பது அங்கே நிற்கிற சின்னப் பிள்ளைக்குக்கூட மனப்பாடம். இந்த வருஷமும் சொன்னேன், இந்த வருஷமும் பொய்த்தது, நல்ல வார்த்தை சொன்னீர்கள் என்று கும்பிட்டுவிட்டுப் போனார்கள். ஒருவராவது குனிந்து ஒரு கல்லை எடுக்கமாட்டார்களா என்று நின்றுகொண்டே இருந்தேன். எடுக்கவில்லை.